டிக்ரியில் 47 என்பது 74 ஆகிவிட்டால்: சிவில் தீர்ப்பில் எழுத்துப்பிழையைத் திருத்த என்ன வழி?

கேள்வியை நான் புரிந்துகொண்ட விதத்தில் ஒருமுறை சொல்லிவிடுகிறேன். லிங்கராஜபுரத்தில் உங்கள் அப்பா வாங்கிய 30க்கு 40 சைட்டை ஒருவர் ஆக்கிரமித்தார். அப்பா பெங்களூரு சிட்டி சிவில் கோர்ட்டில் வழக்குப் போட்டு 2017-ல் ஜெயித்தார். சொத்து அவருடையதுதான் என்ற அறிவிப்பு (விளம்புகை), சைட்டைத் திரும்பக் கையில் வாங்கும் உரிமை (சுவாதீனம்), ஆக்கிரமித்திருந்த 26 மாதத்துக்கு மாதம் 5,000 ரூபாய் வீதம் நஷ்டஈடு, இவ்வளவும் கிடைத்தது. சைட் கைக்கு வந்துவிட்டது, பணம் வரவில்லை. அப்பா காலமான பிறகு காத்தாவை, அதாவது சொத்து வரிப் பதிவை, உங்கள் பெயருக்கு மாற்றப் போன இடத்தில்தான் தெரிகிறது, டிக்ரியின் (தீர்ப்பின் முடிவை முறைப்படி எழுதிய ஆவணம்) சொத்து விவரத்தில் சைட் எண் 47க்குப் பதிலாக 74 என்று இருக்கிறது. 1,30,000 வர வேண்டிய தொகை 1,03,000 ஆகியிருக்கிறது. வட்டி பற்றி ஒரு வரிகூட இல்லை. ஒரு வக்கீல் அப்பீல் காலம் முடிந்துவிட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்கிறார். தெரிந்தவர் ஒருவர் கோர்ட்டில் கிளார்க்கைப் பார்த்தால் வேலை முடிந்துவிடும் என்கிறார். இரண்டில் எது சரி என்று கேட்கிறீர்கள்.

இரண்டும் சரியில்லை. பெங்களூரு கே.ஜி. ரோடு சிவில் கோர்ட்டில் பல வருடங்களாக சிவில் வழக்குகள் நடத்துகிறவன் என்ற முறையில் சொல்கிறேன், இந்த மாதிரிப் பிழைகள் அபூர்வமே இல்லை. நீதிபதி சொல்லச் சொல்ல ஸ்டெனோ எடுக்கிறார், அதைத் தட்டச்சு செய்கிறார்கள், பிராதில் (வழக்குப் போடும்போது வாதி கொடுக்கும் மனு) இருக்கும் சொத்து விவரத்தைப் பார்த்து டிக்ரி எழுதுகிற பிரிவில் இன்னொருவர் நகலெடுக்கிறார். இத்தனை கை மாறும்போது ஒரு எண் இடம் மாறுவது நடக்கத்தான் செய்யும். சட்டமும் அதை எதிர்பார்த்தே எழுதப்பட்டிருக்கிறது.

1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 152-ஆவது பிரிவு உங்களுக்கு வேண்டியது. தீர்ப்பிலோ டிக்ரியிலோ உத்தரவிலோ எழுத்துப்பிழை, கணக்குப்பிழை, கவனக்குறைவால் நேர்ந்த விடுபடல் இருந்தால், நீதிமன்றம் தானாகவோ தரப்பினர் மனுப் போட்டோ எப்போது வேண்டுமானாலும் திருத்தலாம் என்கிறது. 'எப்போது வேண்டுமானாலும்' என்பது சட்டத்திலேயே இருக்கிற சொல். அதனால் அப்பீல் காலக்கெடு முடிந்தது என்பது இந்த மனுவுக்குத் தடையே இல்லை. அந்த வக்கீல் அப்பீலையும் இதையும் ஒன்றாக்கிக் குழப்பிக்கொண்டார் என்று நினைக்கிறேன். தீர்ப்பு எழுதிய நீதிபதி மாற்றலாகிப் போயிருந்தாலும் ஓய்வு பெற்றிருந்தாலும் கவலையில்லை. அதிகாரம் நீதிமன்றத்துக்குத்தான், ஆளுக்கு அல்ல. இன்று அந்த ஹாலில் உட்கார்ந்திருப்பவர் திருத்தலாம்.

ஆனால் இதே சட்டத்தின் ஆணை 20, விதி 3, கையெழுத்திட்ட தீர்ப்பை 152-ஆவது பிரிவின்படியோ மறுஆய்விலோ தவிர மாற்றவோ கூட்டவோ கூடாது என்று கதவைச் சாத்தி வைத்திருக்கிறது. அதாவது 152 என்பது ஒரு சின்னச் சந்து. அதற்குள் எது நுழையும், எது நுழையாது என்பதில்தான் எல்லாச் சண்டையும். உச்ச நீதிமன்றம் 1966-ல் ஒரு வரி விவகாரத்தில் சொன்ன விளக்கம் இன்றைக்கும் எடுத்துக்காட்டப்படுகிறது: கணக்குப்பிழை என்றால் கூட்டிக் கழித்ததில் வந்த தவறு, எழுத்துப்பிழை என்றால் எழுதியதிலோ தட்டச்சிலோ வந்த தவறு, மற்றது கவனக்குறைவால், வேண்டுமென்று செய்யாமல் நேர்ந்தது. எதுவானாலும் ஆவணத்தைப் பார்த்த மாத்திரத்தில் தெரிய வேண்டும், நீண்ட வாதம் செய்து கண்டுபிடிக்க வேண்டியதாக இருக்கக் கூடாது. என் பாணியில் சொன்னால், நீதிபதி மனதில் முடிவு செய்தது ஒன்று, காகிதத்தில் விழுந்தது வேறொன்று என்றால் திருத்தலாம். அவர் முடிவு செய்ததே தவறு என்றால் அது இந்த மனுவில் வராது. பிழை சின்னதா பெரியதா என்பது இங்கே முக்கியமில்லை. ஒரு பூஜ்யம் விடுபட்டு லட்சக்கணக்கில் வித்தியாசம் வந்தாலும் அது எழுத்துப்பிழையாக இருக்கலாம். நூறு ரூபாய் வட்டியைச் சேர்ப்பதுகூட அந்த வரம்புக்கு வெளியே போகலாம்.

சைட் எண்ணை எடுத்துக்கொள்வோம். முதல் வேலையாக அந்த 74 எங்கே பிறந்தது என்று தேடுங்கள். உங்கள் கையில் இருப்பது சான்று நகலா, இணையத்தில் இறக்கியதா என்று நீங்கள் எழுதவில்லை. அசல் டிக்ரியில் 47 என்று இருந்து நகலெடுத்ததில் மட்டும் 74 ஆகியிருந்தால் மனுவே வேண்டாம். நகல் பிரிவில் அசலோடு ஒப்பிட்டுச் சரியான நகல் கேட்டால் போதும். கிளார்க்கைப் பார்த்து முடிகிற காரியம் இது ஒன்றுதான். மற்றபடி நீதிபதியின் உத்தரவு இல்லாமல் ஷிரஸ்தேதாரோ (கோர்ட் அலுவலகத் தலைமை எழுத்தர்) வேறு யாருமோ அசல் டிக்ரியில் பேனா வைத்தால் அது திருத்தம் இல்லை, ஆவணத்தைக் கெடுப்பது. பின்னால் எதிர்தரப்பு அதைக் கண்டுபிடித்தால் நல்ல டிக்ரியும் சந்தேகத்துக்கு உள்ளாகும். அந்த யோசனையைச் சொன்னவரிடம் காசு கொடுத்துவிடாதீர்கள்.

அடுத்தது, தீர்ப்பிலும் பிராதிலும் 47, டிக்ரியில் மட்டும் 74 என்ற நிலை. மனு போடுவதில் இதுதான் ஆக எளியது. டிக்ரி தீர்ப்போடு ஒத்துப்போக வேண்டும் என்பது ஆணை 20, விதி 6. இரண்டையும் பக்கத்தில் வைத்துக் காட்டினால் எதிர்தரப்புக்குச் சொல்ல ஒன்றும் இருக்காது. தீர்ப்பில் பிழை, பிராதில் சரி என்றாலும் ஏறக்குறைய இதே கதைதான். தீர்ப்பு, டிக்ரி இரண்டையும் திருத்தக் கேட்க வேண்டும், அவ்வளவே.

சிக்கல் எங்கே வரும் என்றால், பிராதிலேயே 74 என்று உங்கள் பழைய வக்கீல் அலுவலகத்தில் தட்டியிருந்தால். அப்போது நீதிமன்றம் தவறே செய்யவில்லையே, கொடுத்ததைத்தானே எழுதியது என்று எதிராளியின் வக்கீல் கேட்பார். பழைய தீர்ப்புகளில் இதில் இரண்டு விதக் கருத்தும் உண்டு. ஆனால் 2007-லும் அதற்குப் பின்னும் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்புகள் உங்கள் பக்கம் இருக்கின்றன. பிராதில் நிலத்தின் எண் தவறாகவோ குறைவாகவோ இருந்து, அது அப்படியே டிக்ரியிலும் ஏறிவிட்ட வழக்குகள் அவை. எந்தச் சொத்துக்காகச் சண்டை நடந்தது என்பதில் இரு தரப்புக்கும் சந்தேகம் இல்லாத நிலையில் திருத்தத்தை நீதிமன்றம் ஏற்றது. இதற்கு 152-ஐ மட்டும் நம்பாமல், வழக்கு நடவடிக்கைகளில் உள்ள குறையைச் சரிசெய்யும் 153, உள்ளார்ந்த அதிகாரத்தைச் சொல்லும் 151, பிராதைத் திருத்த ஆணை 6, விதி 17 எல்லாவற்றையும் சேர்த்துப் போடுவது வழக்கம். கொஞ்சம் அதிகப்படியாகத் தோன்றினாலும் போடுங்கள்.

இதில் உங்களுக்குக் கை கொடுக்கப்போவது செக்குபந்தி, அதாவது நான்கு பக்க எல்லை விவரம். கிழக்கே யார் சைட், மேற்கே என்ன, வடக்கே எந்த ரோடு என்பது பிராதிலும் கிரயப் பத்திரத்திலும் ஒரே மாதிரி இருந்தால், எண் மாறியதை நிரூபிப்பது பாதிக்கு மேல் முடிந்த மாதிரி. 1960-களின் தொடக்கத்தில் உச்ச நீதிமன்றத்துக்குப் போன ஒரு அடமான வழக்கில் 1060 என்ற மனை எண் 160 என்று எழுதப்பட்டிருந்தது. எல்லைகளும் பரப்பும் மற்ற விவரங்களும் எந்த நிலம் என்று காட்டுவதால் எண் பிழை சொத்தின் அடையாளத்தைக் கெடுக்காது என்றார்கள். உங்கள் விஷயத்தில் இன்னொரு சாதகம், பெய்லிஃப் (கோர்ட் ஊழியர்) வந்து சுவாதீனம் ஒப்படைத்தபோது அந்த இடத்திலேயே எழுதிய பதிவான மகஜர். சரியான சைட்டைத்தான் ஒப்படைத்தார்கள் என்றால், எதிராளியும் அன்றைக்கு எண்ணைப் பற்றிப் பேசவில்லை என்றால், இதைவிட நல்ல சாட்சி கிடைக்காது. அதே லேஅவுட்டில் 74 என்று இன்னொருவரின் சைட் இருக்கிறதா என்றும் பார்த்து வையுங்கள். இருந்தால் நீதிபதி கூடுதலாக யோசிப்பார். அது நியாயமும்கூட. ஆனால் அந்த 74-இன் செக்குபந்தி வேறு என்பதே உங்கள் வாதத்துக்கு உதவும்.

பணத் தொகையில் பேச அதிகம் இல்லை. 26 மாதம், மாதம் 5,000 என்று தீர்ப்பின் உடலிலேயே எழுதியிருக்கிறது என்கிறீர்கள். பெருக்கினால் 1,30,000. இது அசல் கணக்குப்பிழை. ஒன்றை மட்டும் கவனியுங்கள்: 26 என்ற எண் தீர்ப்பில் தெளிவாக இருக்கிறதா, அல்லது நீங்கள் தேதிகளை எண்ணிக் கண்டுபிடித்ததா? ஒரு பத்தியில் 26 மாதம், இன்னொன்றில் வேறு தேதி என்று இருந்தால் எதிராளி அதைப் பிடித்துக்கொள்வார்.

இனி வட்டி. இதில் நல்ல செய்தி சொல்ல முடியவில்லை. 34-ஆவது பிரிவின் இரண்டாம் உட்பிரிவு, டிக்ரி தேதிக்குப் பிறகான வட்டி பற்றி டிக்ரி மௌனமாக இருந்தால் நீதிமன்றம் வட்டியை மறுத்துவிட்டதாகவே கொள்ள வேண்டும், அதற்காகத் தனி வழக்கும் போட முடியாது என்கிறது. அதற்கு முந்தைய காலத்துக்குப் பிராதில் வட்டி கேட்டிருந்து தீர்ப்பு எதுவும் சொல்லவில்லை என்றாலும், 11-ஆவது பிரிவின் ஐந்தாம் விளக்கம் அதை மறுக்கப்பட்டதாகவே கருதச் சொல்கிறது. 152-ஐ வைத்து வட்டியைப் பின்னால் செருகப் பார்த்தவர்களுக்கு உச்ச நீதிமன்றம் 1999-லும் அதற்குப் பின்னும் அது கூடாது என்று சொல்லிவிட்டது. 2001-ல் ஒரு விவாகரத்து வழக்கிலும், திருத்தம் என்ற பெயரில் தீர்ப்பில் இல்லாத புதிய உரிமையைக் கொடுக்கக் கூடாது என்று கண்டிப்பாகச் சொன்னது. ஒரே ஒரு விதிவிலக்கு யோசிக்கலாம். தீர்ப்பின் நடுவில் எங்காவது 'வாதிக்கு இத்தனை சதவீதம் வட்டி பெற உரிமை உண்டு' என்று எழுதிவிட்டு, கடைசியில் உத்தரவுப் பகுதியில் மட்டும் விட்டிருந்தால், அது கவனக்குறைவான விடுபடல். அப்போது கேட்கலாம். அதனால் உத்தரவுப் பகுதியை மட்டும் படிக்காமல், எழுவினாக்களுக்கு (வழக்கில் முடிவு செய்ய வேண்டிய கேள்விகள்) நீதிபதி கொடுத்த பதில்கள் எல்லாவற்றையும் வரி வரியாகப் படியுங்கள். பலரும் கடைசிப் பக்கத்தை மட்டும்தான் படிக்கிறார்கள், வக்கீல்கள் உட்பட.

அப்படி ஒரு வரி இல்லை என்றால், வட்டியை விட்டுவிடுங்கள் என்பதுதான் என் அபிப்பிராயம். மறுஆய்வு மனுவுக்கு 30 நாள், சிட்டி சிவில் கோர்ட்டிலிருந்து நேராக உயர் நீதிமன்றத்துக்குப் போகும் அப்பீலுக்கு 90 நாள். தாமதத்தை மன்னிக்கக் கேட்கலாம்தான், ஆனால் இத்தனை வருடத் தாமதத்துக்குச் சொல்லக் காரணம் வேண்டும். 'இப்போதுதான் கவனித்தேன்' என்பது காரணமாக நிற்காது. முக்கியமாக, சைட் எண், தொகை கேட்கிற அதே மனுவில் வட்டியையும் சொருகாதீர்கள். மறுப்பே இல்லாமல் போயிருக்க வேண்டிய மனு, அந்த ஒரு பத்தியால் முழுச் சண்டையாகிவிடும். எதிராளியின் வக்கீல் ஆட்சேபணை எழுத உங்கள் பக்கமே விஷயம் எடுத்துக் கொடுத்த மாதிரி.

மனுவை யார் போடுவது? அப்பா இல்லாததால் வாரிசுகள் எல்லோரும் சேர்ந்து போடுங்கள். 146-ஆவது பிரிவு அதற்கு இடம் தருகிறது. அம்மா, உடன்பிறந்தவர்கள் யாரையாவது விட்டுவிட்டு நீங்கள் மட்டும் போட்டால் காத்தா மாற்றும்போது மறுபடி தகராறு வரும். அப்பாவின் பழைய வக்கீல் இருக்கிறாரா? ஆணை 3, விதி 4-இன்படி 152 மனு அந்த வழக்கின் தொடர்ச்சியாகவே கருதப்படுவதால் அவர் வக்காலத்து இதற்கும் செல்லும், ஆனால் அது அப்பா கொடுத்தது. வாரிசுகளிடமிருந்து புதிதாக ஒன்று வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள். வேறு வக்கீல் என்றால் பழையவரிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்கிவிடுவது மரியாதை, வம்பும் இல்லை.

மனுவை அசல் வழக்கின் எண்ணிலேயே, டிக்ரி கொடுத்த நீதிமன்றத்தில் போட வேண்டும். பணத்துக்காக நிறைவேற்று மனு போட்டிருந்தால் அங்கே கேட்காதீர்கள். நிறைவேற்றும் நீதிமன்றம் டிக்ரியைத் தாண்டிப் போகாது. முடிந்த வழக்கின் கட்டு ரெக்கார்டு ரூமுக்குப் போயிருக்கும். அதை வரவழைப்பதில்தான் நாள் ஓடும், வாதத்தில் அல்ல. ஒரு பிரமாணப் பத்திரம், தீர்ப்பு, டிக்ரி, பிராது மூன்றின் சான்று நகல்கள், கிரயப் பத்திரம், பழைய காத்தா, வரி ரசீது, சுவாதீன மகஜர், அப்பாவின் இறப்புச் சான்று, வாரிசுச் சான்று. எந்தப் பக்கத்தில் எந்த வரியில் என்ன இருக்கிறது, என்ன இருக்க வேண்டும் என்று மனுவில் பக்கத்துக்குப் பக்கம் எழுதச் சொல்லுங்கள். 'தட்டச்சுப் பிழைகளைத் திருத்த வேண்டும்' என்று மொட்டையாக எழுதியதைப் பார்த்தால் எந்த நீதிபதிக்கும் சந்தேகம் வரும். அப்புறம் அப்பாவின் பெயரையும் இனிஷியலையும் ஒருமுறை ஒப்பிட்டுவிடுங்கள். நம் ஊர்க்காரர்களுக்கு ஆதாரில் ஒரு இனிஷியல், பத்திரத்தில் இன்னொன்று, கன்னடத்தில் எழுதும்போது மூன்றாவது என்று இருப்பது சகஜம். இருந்தால் இதே மனுவில் கேட்டுவிடலாம்.

எதிராளிக்கு நோட்டீஸ் போக வேண்டுமா என்று அடிக்கடி கேட்பார்கள். 152-ஆவது பிரிவில் அப்படி எழுதவில்லை. ஆனால் நடைமுறையில் நோட்டீஸ் இல்லாமல் திருத்தம் வாங்காதீர்கள். சொல்லாமல் செய்த திருத்தத்தை மேலே போய் உடைப்பது சுலபம். அவரும் இறந்திருந்தால் அவர் வாரிசுகளுக்கு அனுப்ப வேண்டும். உத்தரவு வந்ததும் திருத்திய டிக்ரியின் சான்று நகல் வாங்கிக்கொண்டு காத்தா அலுவலகத்துக்குப் போங்கள், உத்தரவின் நகலையும் சேர்த்து. பழைய டிக்ரி நகலை ஏற்கெனவே அங்கே கொடுத்திருப்பதால், எண் ஏன் மாறியது என்று கேட்கத்தான் செய்வார்கள்.

இன்னொரு விஷயத்தை நீங்கள் சொல்லவில்லை: எதிராளி அப்பீல் போனாரா? போய், விசாரணைக்கே எடுக்காமல் ஆரம்பத்திலேயே தள்ளுபடி ஆகியிருந்தால், 1976 திருத்தத்தில் வந்த 153-ஏ பிரிவின்படி சிட்டி சிவில் கோர்ட்டே திருத்தலாம். இரு தரப்பையும் கேட்டு உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருந்தால், கீழ்க்கோர்ட் டிக்ரி அதற்குள் கரைந்துவிட்டது. திருத்த மனுவும் அங்கேதான். அப்பீல் இன்னும் நிலுவையில் இருந்தால் எங்கே போடுவது என்பதில் வக்கீல்களுக்குள் ஒரே கருத்து இல்லை. நான் அப்பீல் நீதிமன்றத்திலேயே போடுவேன்.

பணம் பற்றியும் ஒரு எச்சரிக்கை. டிக்ரியை நிறைவேற்றக் காலம் 12 வருடம், 2017 என்றால் 2029-ல் முடியும். டிக்ரியைத் திருத்தினால் அந்தக் கணக்கு புதிதாக ஆரம்பிக்கும் என்று யாராவது சொன்னால் நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். நிறைவேற்று மனுவை இப்போதே போட்டு வையுங்கள், தொகையைப் பின்னால் திருத்திக்கொள்ளலாம்.

திருத்த மனு தள்ளுபடி ஆனால் அதன்மீது அப்பீல் கிடையாது. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு, அல்லது அரசியல் சட்டம் 227-இன் கீழ் மனு. இங்கே பெரும்பாலும் 227-ஐத்தான் போடுகிறார்கள்.

இவ்வளவும் உங்கள் அப்பாவின் கிரயப் பத்திரத்தில் 47 என்று இருக்கிறது என்ற நம்பிக்கையில் சொன்னது. கட்டைப் பார்க்காமல் இதற்கு மேல் உறுதியாகச் சொல்ல மாட்டேன். பத்திரத்திலேயே 74 என்று இருந்தால் பிழை நீதிமன்றத்துக்கு வருவதற்கு முன்பே பிறந்தது, 152 உதவாது. விற்றவரோ அவர் வாரிசுகளோ சம்மதித்தால் சப்-ரிஜிஸ்ட்ரார் அலுவலகத்தில் திருத்தப் பத்திரம் எழுதலாம். சம்மதிக்காவிட்டால் 1963-ஆம் ஆண்டின் தனிநிலைத் துயர்தீர்ப்புச் சட்டம் (Specific Relief Act) 26-ஆவது பிரிவின்படி பத்திரத்தைத் திருத்தக் கேட்டு வழக்குப் போட வேண்டியிருக்கும். அதனால் வக்கீலைப் பார்க்கப் போவதற்கு முன்னால் அந்தப் பத்திரத்தை எடுத்துப் படித்துவிடுங்கள்.